பரண் போனது, கூண்டு வந்தது

நீலகிரியின் வடக்குச் சரிவு இறங்கி முடியும் இடத்தில், மாயாற்றுப் பள்ளம் வரை பரந்து கிடக்கிறது சீகூர் பீடபூமி. மசினகுடி, மாவனல்லா, வாழைத்தோட்டம், சிங்காரா எல்லாம் இந்த நிலத்து ஊர்கள். முள்மரமும் மூங்கிலும் அடர்ந்த வறண்ட காடு. கோடையில் புல் கருகி மண் வெளுத்துவிடும். மழை விழுந்தால் ஒரே வாரத்தில் பச்சை திரும்பிவிடும். மாடு மேய்ப்பதுதான் இங்கே தலைமுறை தலைமுறையாகப் பிழைப்பு. மாடு இருக்கும் இடத்துக்குப் புலியும் வரும்.

இதே நிலத்தில் ஆட்கொல்லிப் புலியின் கதை இருவேறு காலங்களில் இருவேறு விதமாக முடிந்திருக்கிறது. முதல் கதையில் பெங்களூரிலிருந்து கென்னத் ஆண்டர்சன் என்ற வேட்டைக்காரர் துப்பாக்கியோடு வந்தார். புலி குண்டடிபட்டுச் செத்தது. அந்த வேட்டை, 1954இல் வெளிவந்த அவருடைய முதல் புத்தகத்தில் ஓர் அத்தியாயமாயிற்று. இரண்டாவது கதை 2021 அக்டோபர் 15 அன்று முடிந்தது. நான்கு பேரைக் கொன்றதாகச் சொல்லப்பட்ட டி-23 என்ற புலியை, மூன்று வாரத் தேடலுக்குப் பிறகு மசினகுடிப் பக்கத்துக் காட்டில் மயக்க ஊசி போட்டுப் பிடித்தார்கள். கூண்டில் ஏறிய அந்தப் புலி உயிரோடு மைசூருவில் உள்ள மறுவாழ்வு மையத்துக்குப் போய்ச் சேர்ந்தது.

இந்த இரண்டு முடிவுகளுக்கும் இடைப்பட்ட காலத்தில் சட்டம் மாறியது, கருவிகள் மாறின, விலங்கைப் பற்றி நமக்கிருந்த எண்ணமே மாறியது. அந்த மாற்றத்தை நான் மனமார வரவேற்கிறேன். ஆனால் புலியை நடத்தும் விதத்தில் நாம் எவ்வளவு தூரம் வந்திருக்கிறோமோ, புலி வரும் வழியில் குடியிருக்கும் மனிதர்களை நடத்தும் விதத்தில் அவ்வளவு தூரம் வரவில்லை. அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

கல்லில் நிற்பவர்கள்

துப்பாக்கிக்கு முந்தைய காலத்தைப் பார்க்க வேண்டுமானால் கொங்கு நாட்டுக்கோ தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கமோ போக வேண்டும். வயல் வரப்பிலும் ஏரிக்கரையிலும் வேப்பமரத்தடியிலும் புலிக்குத்திக் கற்கள் நிற்கின்றன. இடுப்புயரத்துக்கும் குறைவான பலகைக் கல். அதில் பின்னங்கால்களை ஊன்றி எழும்பி நிற்கும் புலி. எதிரே பக்கவாட்டில் கொண்டை முடித்த ஒரு மனிதர். அவருடைய வாளோ ஈட்டியோ புலியின் வாயிலோ மார்பிலோ பாய்ந்திருக்கும். சில கற்களில் காலடியில் ஒரு நாயும் உண்டு. எண்ணெய் பூசிப் பூசிக் கல் கருத்திருக்கும். முகம் தேய்ந்திருக்கும், ஆனால் கை மட்டும் ஓங்கிய நிலையிலேயே இருக்கும்.

பட்டியில் அடைத்த மாட்டையும் ஊராரையும் காக்கப் போய்ப் புலியோடு பொருதி இறந்தவர்களின் நினைவுக் கற்கள் இவை. தருமபுரி வட்டாரத்தில் நடுகற்களை வேடியப்பன் என்று கும்பிடுகிறார்கள். பொங்கல் வைக்கிறார்கள், நேர்ந்துகொள்கிறார்கள். அந்தக் காலத்தில் புலியை எதிர்கொள்வது ஊரின் பொறுப்பு. அந்தப் பொறுப்பில் செத்தவருக்கு ஊர் கல் நட்டது, படையல் போட்டது, தெய்வமாக்கியது. புலிக்கு இரையாவது யாரோ ஒருவருடைய தனித் துயரமாக ஒதுக்கப்படவில்லை.

கூடலூருக்கு மேற்கே வயநாட்டில் ஊர் கூடிப் புலியை எதிர்கொள்ளும் முறை இன்னொரு வடிவத்தில் இருந்தது. புலி பதுங்கிய புதரைச் சுற்றி வலை கட்டுவார்கள். வயநாடன் செட்டிமார் ஈட்டியோடு சூழ்ந்து நின்று குத்திக் கொல்வார்கள். வெள்ளைக்கார அதிகாரிகள் வியந்து எழுதிவைத்த வழக்கம் இது. அதில் வீரம் இருந்தது, கொடூரமும் இருந்தது. திரும்பி வராமல் போகக்கூடிய ஆட்களும் இருந்தார்கள்.

பரிசுப் பணமும் பரணும்

ஆங்கிலேயர் ஆட்சி இந்தப் பொறுப்பை ஊரிடமிருந்து எடுத்துத் துப்பாக்கி வைத்திருந்தவரிடம் கொடுத்தது. புலி, சிறுத்தை, ஓநாய் மூன்றையும் ஒழிக்க வேண்டிய பிராணிகளாகக் கணக்கிட்டு, கொன்று கொண்டுவந்தவருக்குப் பரிசுப் பணம் தந்தது. 1875 முதல் 1925 வரையிலான 50 ஆண்டுகளில் இந்தியாவில் 80,000க்கும் மேற்பட்ட புலிகளும் 1,50,000க்கும் மேற்பட்ட சிறுத்தைகளும் கொல்லப்பட்டதாக வரலாற்றாசிரியர் மகேஷ் ரங்கராஜன் கணக்கிட்டிருக்கிறார். மனிதனைத் தொட்ட புலியும் தொடாத புலியும் அந்தக் கணக்கில் ஒன்றுதான்.

ஆட்கொல்லி என்றதும் உலகத்துக்கு நினைவு வருவது குமாவூன் மலையும் ஜிம் கார்பெட்டும். 436 பேரைக் கொன்றதாகச் சொல்லப்படும் சம்பாவத் பெண்புலியை 1907இலும், 125 பேரைக் கொன்ற ருத்ரபிரயாக் சிறுத்தையை 1926இலும் அவர் சுட்டார். தெற்கே அந்த இடம் கென்னத் ஆண்டர்சனுக்கு. ஜவளகிரி, தளி, அஞ்செட்டி, பென்னாகரம், ஏலகிரி என்று இன்றைய கிருஷ்ணகிரி, தருமபுரி, திருப்பத்தூர் மாவட்டங்களின் காடுகள் அவருடைய முக்கியக் களங்கள்.

அவர் எழுதியவற்றுள் கும்மளாபுரம் சிறுத்தையின் கதையை மறக்க முடியாது. சுமார் 40 பேரைக் கொன்ற அந்தச் சிறுத்தைக்குப் பயந்து, பொழுது சாயும் முன்பே ஊர் கதவடைத்துவிடும். கதவுக்குப் பின்னால் பெட்டியையும் பாறாங்கல்லையும் முட்டுக்கொடுப்பார்கள். சிறுத்தை ஓலைக்கூரையைப் பிய்த்துக்கொண்டு இறங்கும். இயற்கை உபாதைக்குக்கூட இரவில் ஆள் வெளியே வராமல் வீடுகள் நாறின. வேட்டைக்காரரின் குறி எப்படித் தப்பியது, எப்படிப் பட்டது என்பதைவிட, அந்த மூடிய கதவுகளுக்கு உள்ளே இருந்தவர்களின் இரவுகள்தான் எனக்குப் பெரிதாகத் தெரிகின்றன.

அன்றைய வேட்டை முறை எளிது, ஆனால் கொடியது. மரத்தில் பரண் கட்டுவார்கள். கீழே எருமைக் கன்றோ நாயோ கட்டுவார்கள். சில சமயம், கொல்லப்பட்டவரின் உடலை எடுத்து அடக்கம் செய்ய விடாமல் அங்கேயே கிடத்தி, புலி திரும்பி வரும் என்று காத்திருப்பார்கள். வந்தது எந்தப் புலி என்று உறுதி செய்யக் கால்தடத்தைத் தவிர வேறு வழி கிடையாது. தவறான புலி செத்தால், அடுத்த சாவு விழும்போதுதான் தெரியவரும்.

கார்பெட்டும் ஆண்டர்சனும் திரும்பத் திரும்பச் சொன்ன ஒரு செய்தி உண்டு. நல்ல உடல்நிலையில் இருக்கும் புலி மனிதனைத் தேடி வருவது அபூர்வம். சம்பாவத் புலியின் வலப்பக்கக் கோரைப்பற்கள் பழைய குண்டுக் காயத்தால் உடைந்திருந்தன. கும்மளாபுரம் சிறுத்தையின் காலில் முள்ளம்பன்றி முள் ஏறியிருந்தது. மானையும் காட்டுமாட்டையும் பிடிக்க முடியாத விலங்குக்கு மனிதன் எளிய இரை. ஆட்கொல்லியைச் சுட்ட அதே துப்பாக்கிக் கலாச்சாரம், குறி தவறிய குண்டுகளால் ஆட்கொல்லிகளை உருவாக்கவும் செய்தது என்பதை அந்த வேட்டைக்காரர்களின் எழுத்தே சாட்சியாகச் சொல்கிறது.

சட்டம் வந்தபின்

1972இல் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. 1973இல் புலிகள் பாதுகாப்புத் திட்டம் தொடங்கியது. பரிசுப் பணம் வாங்கித் தந்த செயல் சிறைக்கு அனுப்பும் குற்றமானது. மனித உயிருக்கு ஆபத்தாகிவிட்ட புலியாகவே இருந்தாலும், மாநிலத் தலைமை வன உயிரினக் காப்பாளர் காரணத்தை எழுத்தில் பதிந்து ஆணை பிறப்பிக்காமல் அதைத் தொட முடியாது. பிடிக்கவோ மயக்கவோ இடம் மாற்றவோ வழியே இல்லை என்று உறுதியான பிறகுதான் கொல்லும் பேச்சு எழ வேண்டும்.

பலன் கண்கூடு. 2006 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டில் இருந்த புலிகள் 76. 2010இல் 163, 2014இல் 229, 2018இல் 264, 2022இல் 306. களக்காடு முண்டந்துறை, ஆனைமலை, முதுமலை, சத்தியமங்கலம், ஸ்ரீவில்லிபுத்தூர் மேகமலை என ஐந்து புலிகள் காப்பகங்கள் இங்கே இருக்கின்றன. ஒரு காலத்தில் வீரப்பனின் பெயரால் மட்டுமே அறியப்பட்ட சத்தியமங்கலம் காடு, புலிகளின் எண்ணிக்கையை இரு மடங்குக்கும் மேல் பெருக்கியதற்காகப் பன்னாட்டு விருது பெற்றது. புலி பிழைத்திருக்கும் காட்டில்தான் பவானியும் மாயாறும் தாமிரபரணியும் ஊறி வருகின்றன. இந்த வெற்றியைக் குறைத்துப் பேச எனக்கு மனம் வராது.

ஆனால் காட்டின் பரப்பு புலிகளோடு சேர்ந்து வளரவில்லை. ஆண்புலி ஒவ்வொன்றுக்கும் தனி எல்லை வேண்டும். இளம் புலி பலம் பெற்றதும் கிழப்புலியை அடித்து வெளியே தள்ளிவிடும். தள்ளப்பட்ட புலி காயத்தோடும் தேய்ந்த பல்லோடும் காப்பக விளிம்புக்கு வருகிறது. காட்டுக்குள்ளோ உண்ணிச்செடி புதர்மண்டி, மான் மேய வேண்டிய புல்லை மூடிவிட்டது. விளிம்பில் காத்திருப்பவை மேய்ச்சல் மாடும், தேயிலைத் தோட்டமும், அதில் குனிந்து வேலை செய்யும் மனிதரும்.

சுட்டதிலிருந்து பிடித்ததற்கு

நீலகிரியில் மட்டும் இந்த மாற்றம் ஏழெட்டு ஆண்டுகளுக்குள் நடந்து முடிந்தது. 2014 ஜனவரியில் ஊட்டி தொட்டபெட்டாப் பக்கம் ஒரு புலி மூன்று பேரைக் கொன்றது. பள்ளிகளுக்கு விடுமுறை விட்டார்கள். தேடுதலுக்குப் பிறகு அந்த மாதம் 22ஆம் தேதி அது சுட்டுக் கொல்லப்பட்டது. 2015 பிப்ரவரியில் பாட்டவயல் பக்கம் தேயிலை பறித்துக்கொண்டிருந்த பெண் ஒருவர் பலியானார். சில நாளில் அந்தப் புலியும் சுடப்பட்டது. 2016 மார்ச்சில் தேவர்சோலைப் பக்கம் ஜார்க்கண்டிலிருந்து வந்த தோட்டத் தொழிலாளி ஒருவர் பலியானார். அந்தப் புலிக்கும் அதே முடிவு.

2021இல் டி-23 வந்தபோது நிலைமை வேறு. தேவர்சோலைப் பக்கம் செப்டம்பரில் ஒருவரும், மசினகுடியில் அக்டோபர் 1 அன்று மாடு மேய்த்த முதியவர் ஒருவரும் இறந்தபின், மக்கள் சாலையில் உட்கார்ந்துவிட்டார்கள். சுடலாம் என்று வனத்துறை ஆணை பிறப்பித்தது. விவகாரம் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனது. உடனே கொல்ல வேண்டாம், பிடிக்கப் பாருங்கள் என்றது நீதிமன்றம்.

அதன் பிறகு நடந்த தேடலை நெருங்கிப் பார்த்தால், அன்றைய பரணுக்கும் இன்றைய முறைக்கும் உள்ள தூரம் புரியும். காட்டுக்குள் மரங்களில் தானியங்கி கேமராக்களைக் கட்டினார்கள். புலியின் வரிகள் மனிதரின் கைரேகை மாதிரி, ஒன்றுக்கு இருப்பது இன்னொன்றுக்கு இராது. இடப்பக்க வரியையும் வலப்பக்க வரியையும் பழைய படங்களோடு ஒப்பிட்டு, தேடுகிற புலி இதுதானா என்று ஒவ்வொரு நாளும் சரிபார்த்தார்கள். மேலே டிரோன் பறந்தது. கீழே மோப்ப நாய்களும் கும்கி யானைகளும் நடந்தன. கேரளத்திலிருந்தும் கர்நாடகத்திலிருந்தும் ஆட்களும் நாயும் வந்து சேர்ந்தனர். இவர்கள் எல்லோருக்கும் முன்னால், ஒடிந்த புல்லையும் ஈரமண்ணில் பதிந்த தடத்தையும் படித்தபடி போனவர்கள் பழங்குடி வேட்டைத் தடுப்புக் காவலர்கள். கருவிகள் எத்தனை வந்தாலும் அந்தக் கண்களுக்கு மாற்று வரவில்லை. அவர்களில் பலர் ஆண்டுக்கணக்கில் தற்காலிகப் பணியாளர்களாகவே இருக்கிறார்கள் என்பதை இங்கே சொல்லாமல் கடந்துபோவது நியாயமாகாது.

அக்டோபர் 14 இரவு ஊசி பட்டும் புலி இருட்டில் மறைந்தது. மறுநாள் பகலில் மீண்டும் கண்டுபிடித்து, மீண்டும் ஊசி போட்டுப் பிடித்தார்கள். உடம்பெல்லாம் காயம். வயது சுமார் 13. காட்டுப்புலிக்கு அது முதுமை. அது செய்த கொலைகளுக்கு எந்த விளக்கமும் ஆறுதலாகாது. ஆனாலும் கார்பெட்டும் ஆண்டர்சனும் கண்ட அதே உண்மையை அதன் உடம்பு மறுபடியும் காட்டியது.

லைன் வீட்டு மாலைப்பொழுது

புலி எப்போதாவது வரும். தேயிலைத் தோட்டத்துக்கு அன்றாடம் வருவது சிறுத்தை. பந்தலூரிலும் சேரம்பாடியிலும் வால்பாறையிலும் மாலை 5 மணிக்கு மேல் தொழிலாளர்கள் குடியிருக்கும் லைன் வீடுகளின் முன்னால் நின்று பார்த்தால், சிறுத்தைக்கு அங்கே என்ன வேலை என்பது விளங்கிவிடும். வரிசையாக ஓட்டு வீடுகள், வீட்டுக்கு ஒரு வாசல். வாசலிலிருந்து பத்தடி தள்ளி, இடுப்புயரத் தேயிலைச் செடி தொடங்கிவிடும். செடிகளுக்கு மேலே பச்சைக் கம்பளம் தெரியும். கீழே முழுக்க இருட்டு, சிறுத்தை நிமிர்ந்து நடக்கும் அளவுக்கு இடைவெளி. கோழியும் ஆடும் நாயும் வாசலில் திரியும். கழிவு ஓடைக்குப் பக்கத்தில் கொட்டிக் கிடக்கும். கழிப்பறை இருந்தாலும் தண்ணீர் இராது, தண்ணீர் இருந்தால் கதவு இராது. விளக்குக் கம்பத்தில் பல்பு எரிகிறதா என்பது அந்த மாதத்து அதிர்ஷ்டம். அப்பாவும் அம்மாவும் இலை எடை போட்டுவிட்டு வருவதற்குள் பொழுது சாய்ந்துவிடும். குழந்தைகள் வாசலில் விளையாடிக்கொண்டிருப்பார்கள்.

சிறுத்தை நிமிர்ந்து நிற்கும் ஆளைப் பெரும்பாலும் விலகிப் போகும். குனிந்திருப்பவரையும் உட்கார்ந்திருப்பவரையும் குழந்தையையும்தான் அது இரையாகக் கணக்கிடுகிறது. குனிந்து பறிப்பதும், குந்தி உட்கார்ந்து களை எடுப்பதும், புதர் மறைவில் ஒதுங்குவதும் தோட்டத்து வாழ்க்கையின் அன்றாடம். ஆபத்து அந்த வாழ்க்கையின் அமைப்பிலேயே இருக்கிறது.

2024 ஜனவரி 6 அன்று பந்தலூர்ப் பக்கம், அங்கன்வாடியிலிருந்து அம்மாவோடு வீடு திரும்பிய 3 வயதுக் குழந்தையைச் சிறுத்தை கொன்றது. மறுநாள் அதை மயக்க ஊசி போட்டுப் பிடித்தார்கள். 2025 ஜூனில் வால்பாறையில் வீட்டு வாசலில் விளையாடிய சிறுமியைச் சிறுத்தை தூக்கிச் சென்றது. சில நாளில் கூண்டில் ஒரு சிறுத்தை சிக்கியது. இரண்டுமே ஜார்க்கண்டிலிருந்து பிழைக்க வந்த தொழிலாளர் வீட்டுக் குழந்தைகள்.

இங்கேதான் இன்னொரு பெரிய மாற்றம் கண்ணில் படுகிறது. ஆண்டர்சன் காலத்தில் புலிக்கும் சிறுத்தைக்கும் இரையானவர்கள் வண்டிக்காரர், மூங்கில் வெட்டுபவர், மாடு மேய்ப்பவர். அந்தக் காட்டிலேயே பிறந்து வளர்ந்து, அதன் ஓசையும் வாசனையும் அறிந்தவர்கள். கூடலூர், பந்தலூர்த் தோட்டங்களுக்கு 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தத்துக்குப் பிறகு இலங்கையிலிருந்து தாயகம் திரும்பிய தமிழர்கள் வந்தார்கள். டான்டீ எனப்படும் அரசுத் தேயிலைத் தோட்டங்கள் அவர்களுக்காகவே உருவாயின. அந்தக் காடு அவர்களுக்குப் புதிது. இரண்டு தலைமுறையில் கற்றுக்கொண்டார்கள். இப்போது அவர்களுடைய பிள்ளைகள் கோவைக்கும் திருப்பூருக்கும் போய்விட, ஜார்க்கண்டிலிருந்தும் அசாமிலிருந்தும் தொழிலாளர்கள் வருகிறார்கள். எந்த ஓடையில் சிறுத்தை குட்டி போட்டிருக்கிறது, எந்தப் பாதையில் பொழுது சாய்ந்தபின் போகக் கூடாது என்பதை அவர்களுக்குச் சொல்ல ஆளில்லை. எச்சரிக்கைப் பலகை தமிழில் இருக்கிறது, அவர்களால் படிக்க முடியாது. காட்டை அறியாதவர்களை, காட்டோரத்தில், குறைந்த கூலிக்கு, ஒதுக்குப்புற வீடுகளில் குடிவைத்திருக்கிறோம்.

கூண்டு தீர்க்காதது

சிறுத்தையைப் பிடித்தாயிற்று, வேறு காட்டில் விட்டாயிற்று, பிரச்சினை தீர்ந்தது என்று நினைப்பது எளிது. மகாராஷ்டிரத்தின் ஜுன்னர் பகுதி இதற்கு வேறு பதில் சொல்கிறது. 2001 முதல் 2003 வரை அங்கே ஏராளமான சிறுத்தைகளைப் பிடித்து வேறு இடங்களில் விட்டார்கள். அதற்கு முன் ஆண்டுக்குச் சராசரியாக 4ஆக இருந்த மனிதர்கள் மீதான தாக்குதல், 17ஆக உயர்ந்தது. வித்யா ஆத்ரேயாவும் உடன் ஆய்வாளர்களும் இதை ஆவணப்படுத்தியிருக்கிறார்கள். தனக்குப் பழக்கமான இடத்திலிருந்து பிடுங்கப்பட்ட சிறுத்தை, அறியாத நிலத்தில், அறியாத மனிதர்களுக்கு நடுவே தடுமாறுகிறது. காலியான இடத்துக்கு வேறு சிறுத்தை வந்து சேர்கிறது.

மனிதனைக் கொன்ற குறிப்பிட்ட விலங்கை அகற்றத்தான் வேண்டும். அதில் எனக்குச் சந்தேகமில்லை. பிள்ளையைப் பறிகொடுத்த தாயிடம் பொறுமை கேட்கும் உரிமை நகரத்தில் பாதுகாப்பாக உட்கார்ந்திருக்கும் யாருக்கும் கிடையாது. புலியைக் கொல்லக் கூடாது என்று வழக்குப் போடுபவர்களும், ஒரு தடவையேனும் அந்த லைன் வீட்டில் ஓர் இரவைக் கழித்துப் பார்க்க வேண்டும். ஆனால் கண்ணில் பட்ட சிறுத்தைகளையெல்லாம் பிடிப்பது ஊரின் கோபத்தைத் தணிக்குமே தவிர, அடுத்த குழந்தையைக் காப்பாற்றாது.

அன்றைய துப்பாக்கிக்கும் இன்றைய கூண்டுக்கும் ஓர் ஒற்றுமை உண்டு. இரண்டுமே சாவு விழுந்த பிறகு வருபவை. இன்றைக்குச் சாவுக்கு அரசு தரும் 10 லட்சம் ரூபாயும் அப்படித்தான். அன்று ஊர் கல் நட்டு நினைவில் வைத்தது. இன்று கோப்பில் ஓர் எண் ஏறி, காசோலை கை மாறியதும் அந்தப் பெயர் மறந்துபோகிறது.

முதல் சாவுக்கு முன்

சாவுக்கு முன்பே செய்யக்கூடியது என்ன என்பதற்கு வால்பாறையிலேயே ஒரு நல்ல எடுத்துக்காட்டு இருக்கிறது. அங்கே யானைகளால் ஆண்டுதோறும் தொழிலாளர்கள் இறந்துகொண்டிருந்தார்கள். இயற்கைப் பாதுகாப்பு அறக்கட்டளையின் ஆய்வாளர் ஆனந்தகுமாரும் அவருடைய குழுவினரும் அந்தச் சாவுகள் எப்போது, எங்கே, எப்படி நேர்ந்தன என்று பார்த்தார்கள். யானை அந்த இடத்தில் இருப்பது தெரியாமல் போய் எதிர்ப்பட்டதே பெரும்பாலான சாவுக்குக் காரணம் என்று கண்டார்கள். மாலையில் யானைக் கூட்டம் நிற்கும் இடத்தை உள்ளூர் கேபிள் தொலைக்காட்சியில் ஓடவிட்டார்கள், பிறகு செல்போனில் குறுஞ்செய்தி அனுப்பினார்கள், முக்கியமான இடங்களில் யானை வந்தால் எரியும் சிவப்பு விளக்குகளை நட்டார்கள். சாவுகள் குறைந்தன. அந்தப் பணிக்கு 2015இல் விட்லி விருது கிடைத்தது. ஒரு யானையைக்கூட அப்புறப்படுத்தாமல், தகவலைக் கொண்டே மனித உயிர்களைக் காப்பாற்றிய வேலை அது.

மும்பையின் சஞ்சய் காந்தி தேசியப் பூங்காவைச் சுற்றிய குடியிருப்புகளும் இதே பாடத்தைத் தருகின்றன. 2000களின் தொடக்கத்தில் அங்கே சிறுத்தைத் தாக்குதல்கள் நகரத்தையே உலுக்கின. பிடித்துப் பிடித்து விடுவதைக் குறைத்து, குப்பையை அகற்றுவது, வெளிச்சம் போடுவது, குடிசைவாசிகளோடும் பள்ளிகளோடும் பேசுவது என்று வனத்துறையும் தன்னார்வலர்களும் இறங்கிய பிறகு நிலைமை தேறியது. சிறுத்தைகள் இன்றும் அங்கேதான் இருக்கின்றன.

நீலகிரிக்கும் வால்பாறைக்கும் வேண்டியது இதுதான். லைன் வீட்டைச் சுற்றி 20, 30 அடிக்குத் தேயிலையும் புதரும் இல்லாத வெட்டவெளி. தண்ணீரும் கதவும் விளக்கும் உள்ள கழிப்பறை, அதுவும் வீட்டை ஒட்டி. எரியும் தெருவிளக்கு. மாலையில் பெற்றோர் திரும்பும்வரை குழந்தைகள் உள்ளே இருக்க, அந்த நேரம் வரை திறந்திருக்கும் குழந்தைகள் காப்பகம். கோழிக்கழிவையும் இறைச்சிக்கழிவையும் அன்றன்றே அகற்றும் ஏற்பாடு. மூடிய ஆட்டுப்பட்டி. இந்தியிலும் ஜார்க்கண்டின் சாத்ரி மொழியிலும் அசாமியிலும் எச்சரிக்கை, படிக்கத் தெரியாதவர் கேட்கும்படி குரல்பதிவாக. மேய்ச்சலை நம்பிய சீகூர் மக்களுக்கு, புலி அடித்த மாட்டுக்கு அலைக்கழிக்காமல் இழப்பீடு. புலி கொல்லும் மாட்டுக்கு உடனே பணம் கிடைத்தால், செத்த மாட்டின் உடலில் விஷம் வைக்கும் எண்ணமும் எழாது.

இவற்றில் ஒன்றுகூடப் புதிய கண்டுபிடிப்பு இல்லை. வீடும் தண்ணீரும் கழிப்பறையும் குழந்தைகள் காப்பகமும் தோட்ட நிர்வாகத்தின் கடமை என்று தோட்டத் தொழிலாளர் சட்டம் 1951இலேயே சொல்லிவிட்டது. அந்தக் கடமையை ஒழுங்காக நிறைவேற்றினாலே சிறுத்தை நெருங்கும் வாய்ப்பில் பெரும்பகுதி அடைபட்டுவிடும். வன உயிரினத்தைப் பற்றிய கேள்வி என்று நாம் நினைத்துக்கொண்டிருப்பதில் பாதிக்கு மேல் தொழிலாளர் நலத்தைப் பற்றிய கேள்வி. அதனால்தான் வனத்துறை அலுவலகத்தில் மட்டும் இதற்கு விடை தேட முடியாது. தோட்ட நிர்வாகமும் தொழிலாளர் துறையும் உள்ளாட்சியும் வனத்துறையோடு ஒரே மேசையில் உட்கார வேண்டும்.

ஒரு புலிக்கு எண் கொடுத்து, வரியைப் படம் எடுத்து, மூன்று வாரம் விடாமல் தேடி, உயிரோடு காப்பாற்றும் திறமை இந்த மாநிலத்துக்கு இருக்கிறது என்பதை 2021 நிரூபித்தது. அந்த அக்கறையையும் அந்த விடாமுயற்சியையும் ஒரு லைன் வீட்டு வாசலுக்கும் காட்டச் சொல்லிக் கேட்பது அதிகமான கோரிக்கை அல்ல. ஒரு சிறுத்தையைப் பிடித்துக்கொண்டு போகும் செய்தி வரும்போதெல்லாம், அது வந்த லைனில் கழிப்பறை எங்கே இருந்தது, விளக்கு எரிந்ததா, குழந்தை அந்த நேரத்தில் ஏன் வாசலில் இருந்தது என்பதையும் நாம் கேட்க வேண்டும். தமிழ்நாட்டில் வனவிலங்கால் நேரும் ஒவ்வொரு சாவுக்குப் பிறகும் இந்தக் கேள்விகளுக்கு எழுத்தில் பதில் தருவதை அரசு கட்டாயமாக்கட்டும். புலி எத்தனை என்று நான்கு ஆண்டுக்கு ஒருமுறை எண்ணிப் பெருமைப்படும் நாம், காட்டோரத்தில் ஒரு குழந்தையும் சாகாத ஆண்டு எது என்றும் எண்ணத் தொடங்க வேண்டும்.